கரும்பலகையில் இல்லாத முப்பதாண்டுப் போர்

உயர்தர வகுப்பில் ஐரோப்பிய வரலாறு படித்த நம்மவர்களுக்கு முப்பதாண்டுப் போர் என்றால் தொடங்கிய 1618, முடிந்த 1648, பேரரசரின் படைத்தலைவர் வாலன்ஸ்டைன், சுவீடன் மன்னர் குஸ்தாவ் அடோல்ப், போரை முடித்த வெஸ்ற்பேலிய உடன்படிக்கை. ஆசிரியர் கரும்பலகையில் எழுதித் தந்த குறிப்பு அத்தோடு முடிந்துவிடும். படை போன வழியில் இருந்த குடியானவன் என்ன ஆனான் என்று எந்தப் பரீட்சையும் கேட்டதில்லை. ஜேர்மன் எழுத்தாளர் ஹெர்மான் லோன்ஸ் 1910இல் எழுதிய 'டெர் வேர்வொல்ஃப்' நாவல் முழுக்க அவனைப் பற்றியது.

களம் வட ஜேர்மனியின் லூனபுர்க் புதர்வெளி. மணல் நிலம், செம்மறி ஆடு, ஊருக்கும் ஊருக்கும் நடுவே சதுப்பு. மனைவி பிள்ளைகளைக் கொள்ளையரிடம் பறிகொடுத்த நாயகன் ஹார்ம் வுல்ஃப், ஊராரைச் சேர்த்துக்கொண்டு சதுப்பின் நடுவே ஒரு மேட்டில் புதுக் குடியிருப்பு அமைக்கிறான்.

அக்காலப் படைவீரனுக்கு நாளொன்றுக்கு 2 இறாத்தல் பாண், 1 இறாத்தல் இறைச்சி என்பது கணக்கு. 20,000 பேருக்கு 40,000 இறாத்தல் பாண்! கூடவே வரும் பெண்கள், வேலையாட்கள், குதிரைகள் வேறு. சம்பளமோ மாதக்கணக்கில் வராது. ஆகவே ஊரில் பிடுங்கினார்கள். முதற்படை களஞ்சியத்தைக் காலி செய்யும். பின்னால் வரும் படை விதைத் தானியத்தையும் உழவுக் குதிரையையும் கொண்டுபோகும். அடுத்த ஆண்டு விதைப்பு இல்லை, பிறகு பஞ்சம், கொள்ளைநோய். வாளுக்குத் தப்பியவர்கள் அதில்தான் செத்தார்கள். எனவே ஒளிக்க வேண்டியவை பணமும் நகையும் அல்ல. ஆட்களும் மாடும் விதையும்.

சதுப்பு நல்ல காவல். வழி தெரியாதவனின் குதிரை வயிறுவரை புதையும். பீரங்கி வண்டி நகராது. ஆனால் கடும் பனி விழுந்து நிலம் உறைந்தால் அதே சதுப்பு தெருவாகிவிடும். அடுப்புப் புகையும் நாய்க் குரைப்பும் இடத்தைக் காட்டிக் கொடுக்கும். எரியும் திரியால் வெடிக்கும் திரித் துப்பாக்கியின் திரி மழையில் அணைந்துபோகும்; இருட்டில் அதன் கனல் தூரத்திலேயே தெரியும். ஆகவே பதுங்கியிருந்து நெருக்கத்தில் தாக்குவதே குடியானவனுக்குச் சாத்தியமான போர்.

இந்த நாவலைக் கண்ணை மூடிக்கொண்டு புகழ முடியாது. ஹார்ம் வுல்ஃபின் ஆட்களிடம் பிடிபட்டவர்களுக்கு விசாரணை இல்லை, மரக்கிளையில் தூக்கு; கதை அதை நியாயம் என்றே சொல்லிச் செல்கிறது. லோன்ஸ் 1914 செப்டெம்பரில் பிரான்சில், றெயிம்ஸ் அருகே போரில் இறந்தார். பிறகு நாற்சிகள் இந்த நூலைப் பெருமளவில் பரப்பினார்கள். 1944இல் நாற்சித் தலைவர்களில் ஒருவரான ஹிம்லர் அமைத்த இரகசியப் படைக்கும் 'வேர்வொல்ஃப்' என்றே பெயர். தன்னைக் காக்க எடுத்த ஆயுதம் எந்த இடத்தில் வெறும் கொலையாகிறது என்று ஹார்ம் வுல்ஃபை லோன்ஸ் போதிய அழுத்தத்தோடு கேட்கவில்லை என்பதே என் முறைப்பாடு.

படிக்க விரும்புவோர் முதலில் கிறிம்மல்ஸ்ஹவுசன் 1668இல் வெளியிட்ட 'சிம்ப்ளிசிசிமுஸ்' நாவலின் தொடக்க அத்தியாயங்களைப் படியுங்கள். அவர் அந்தப் போருக்குள்ளேயே வளர்ந்தவர். லோன்ஸின் நடையில் வட்டாரச் சொற்கள் அதிகம். இங்கே மொழி வகுப்பில் கற்ற ஜேர்மன் போதாது. முதல் அத்தியாயத்தை மட்டும் அகராதியோடு மெதுவாகக் கடந்துவிட்டால், பெரும்பாலான சொற்கள் பிறகு திரும்பத் திரும்ப வருபவைதான்.