14ஆம் இலக்கம்

ஹட்டன் நீதிமன்றத்தில் சட்டத்தரணியாகப் பன்னிரண்டு ஆண்டுகள் கழித்த பிறகே 2013இல் மத்திய மாகாண சபைத் தேர்தலில் நின்றேன். என்னிடம் வந்தவை பெரும்பாலும், தோட்டத் தொழிலாளர் வேலையை விட்டு விலகும்போது சேவை செய்த ஆண்டுகளுக்காகக் கிடைக்க வேண்டிய சேவைக்காலப் பண வழக்குகளே. 'சர்வீஸ் காசு' என்றால்தான் லயத்தில், அதாவது தொழிலாளரின் வரிசை வீடுகளில், விளங்கும்.

வேட்புமனு, சொத்து விபரம், சத்தியக் கடதாசி எல்லாம் எனக்குப் பழகிய காகித வேலைகள். அவை இரண்டு நாளில் முடிந்தன. விருப்பு இலக்கம்தான் புதிது: ஒரு பட்டியலில் யார் யார் சபைக்குப் போவது என்பதை, வாக்காளர் அவரவர் இலக்கத்துக்கு இடும் புள்ளடியே (பெருக்கல் குறி) தீர்மானிக்கும். நுவரெலியா மாவட்டத்தின் 16 ஆசனங்களுக்கு எங்கள் பட்டியலில் 19 பேர் இருந்தோம். பெயர்களைச் சிங்கள அகரவரிசையில் அடுக்கியபோது எனக்கு 14 விழுந்தது. கட்சிக்கு விழும் வாக்கு எல்லோருக்கும் பொது என்பதால், எதிர்க்கட்சியைவிட நம் பட்டியலில் இருப்பவரோடுதான் உண்மையான போட்டி; சுவரொட்டியில் தோள்மேல் கைபோட்டு நின்றவர்களே இரவில் ஒருவர் இலக்கத்தின்மேல் மற்றவர் இலக்கத்தை ஒட்டினார்கள்.

ஒரு மாலை, தேயிலைக் கொழுந்து நிறுத்து முடிந்ததும், நிறுவைக் கொட்டகையான மடுவத்துத் திண்ணையில் பழைய கலண்டர்த் தாளின் பின்புறத்தில் வாக்குச்சீட்டை வரைந்து விளக்கினேன். முதலில் சின்னத்துக்கு எதிரே புள்ளடி, பிறகு கீழேயுள்ள இலக்கங்களில் அதிகம் மூன்றுக்குப் புள்ளடி; சின்னத்தை விட்டுவிட்டு இலக்கத்துக்கு மட்டும் போட்டால் வாக்கு செல்லாது என்று நான் சொல்லிக்கொண்டிருக்க, ஒரு பாட்டி தாளை வாங்கி 1இலும் 4இலும் தனித்தனியே புள்ளடி போட்டுத் திருப்பித் தந்தார். பெயரில்லாத இலக்கத்தை மனத்தில் இருத்துவது கடினம் என்பது அப்போதுதான் உறைத்தது. "சர்வீஸ் காசு வருசத்துக்கு எத்தனை நாள் சம்பளம்?" என்று கேட்டேன். "பதினாலு" என்றார்கள் எல்லோரும். 1983ஆம் ஆண்டுச் சட்டம் நாட்சம்பளக்காரருக்கு விதித்த கணக்கு அதுவே. அன்றிலிருந்து அதையே எல்லாத் தோட்டத்திலும் கேட்டேன்.

வென்றேன். 58 பேர் கொண்ட சபையில் அமர்வுக்காக நாவலப்பிட்டி, கம்பளை வழியாகப் பல்லேகலைக்குப் போய்வந்ததைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை. தோட்டப் பாடசாலைக்கு ஆசிரியர் கேட்டால் கல்வித் திணைக்களம் மாகாணத்துடையது என்பதால் ஏதோ நடந்தது. லயத்துக்குப் போகும் பாதையைக் கேட்டால் கதை வேறு: காணி அரசினுடையது, 1992 முதல் நீண்டகாலக் குத்தகையில் கம்பனியிடம் இருப்பது, ஆகவே சபை நிதி ஒதுக்கினாலும் கம்பனியின் சம்மதக் கடிதம் வேண்டும். அந்தப் பாட்டியின் லயத்துப் பாதைக்காக அப்படியொரு கடிதத்துக்கு ஏழு மாதம் அலைந்தேன். நீதிமன்றத்திலாவது எதிராளிக்கு அழைப்பாணை அனுப்பலாம்; இங்கே தோட்ட நிர்வாகியான துரையின் வாசலில் நான்தான் காத்திருந்தேன். கடிதம் வந்தபோது அவ்வாண்டின் ஒதுக்கீடு முடிந்திருந்தது.

2018 ஒக்டோபரில் சபையின் காலம் முடிந்தது. அடுத்த தேர்தலுக்கு அறிவித்தல் வரவில்லை. நான் கறுப்புக் கோட்டை எடுத்துக்கொண்டு மீண்டும் ஹட்டன் நீதிமன்றத்துக்குப் போனேன். முதல் வாரத்திலேயே அந்தப் பாட்டி தம் மகளின் சர்வீஸ் காசு விடயமாக, காங்கிறீற் படாத அதே பாதையில் இறங்கி வந்திருந்தார்.