பெரியம்மாவின் மஞ்சள் தோடம்பழம்

பெரியம்மா வீட்டுச் சாமத்தியச் சடங்கு ஒருமாதிரி முடிஞ்சுது. சோறு பத்தேல்லை, வீடியோக்காரன் பிந்தி வந்தவன் என்ற வழக்கமான முறைப்பாடெல்லாம் இந்தமுறை எடுபடவில்லை. முத்தையன்கட்டில் இருந்து ஒட்டுசுட்டான் வரைக்கும் இப்ப ஒரே கதைதான்: தட்டத்தில் இருந்த தோடம்பழம்.

கடையில் அப்பிளுக்குப் பக்கத்தில் அடுக்கியிருக்கும் வெளிநாட்டுத் தோடம்பழத்தின் விலையைக் கேட்டதும் பெரியம்மாவுக்கு நெஞ்சு பிடித்துவிட்டது. "வீட்டில மரம் முறிய முறியக் காய்ச்சுக் கிடக்கு. நான் ஏன் காசைக் கரியாக்க?"

மரம் பெரியப்பாவுடையது. பிபிலை இனத்து ஒட்டுக்கண்டு. அடிமரத்தில் ஒரு சொட்டுத் தண்ணி பட விடமாட்டார். கொப்பு விரிந்து முடிகிற இடத்தில் வட்டமாகப் பாத்தி கட்டி அதற்குள்தான் விடுவார். அடியில் தண்ணி நின்றால் பட்டை வெடித்துப் பிசின் வடியும், பிறகு அந்த மரத்தை விறகுக்குத்தான் கணக்குப் பார்க்கலாம். குருவி எச்சம் மாதிரி இலையில் ஒட்டிக்கிடக்கும் வண்ணத்துப்பூச்சிப் புழுவை விடியப்புறமே ஒவ்வொன்றாகப் பொறுக்குவார். பேரப்பிள்ளையளின் முகத்தைக்கூட மனுசன் இவ்வளவு கிட்டப் பார்த்ததில்லை என்பது பெரியம்மாவின் வாக்குமூலம்.

"இஞ்சேர், இது கார்த்திகை மழைக்குப் பூத்தது. எட்டு ஒன்பது மாசம் போகவேணும். ஆடிக்கு முந்திக் கை வைக்காதை."

சடங்கோ வைகாசியில். "ஆடிக்குப் பழுத்தாலும் உங்கட மரத்தில பச்சையாத்தானே கிடக்கும்!"

இரண்டு பேர் சொன்னதும் சரி, அதுதான் வில்லங்கம். தோடையின் தோலில் உள்ள பச்சையம் கலைய, இரவில் 13 பாகை செல்சியஸ் அளவுக்காவது குளிர வேண்டும். வன்னியில் மார்கழிப் பனிக்கே வெப்பநிலை 20ஐ விட்டு இறங்க யோசிக்கும். ஆகவே உள்ளே நன்றாக இனித்த பழமும் வெளியே பச்சையாகத்தான் இருக்கும். நிறத்தை நம்பாமல் கையில் எடுத்துப் பார்க்கவேண்டும். பருமனுக்கு மிஞ்சிய பாரம் இருக்கவேண்டும், தோலின் சொரசொரப்பு அடங்கிப் பளபளக்கவேண்டும், அடிப்பக்கத்துக் கரும்பச்சை வெளிறியிருக்கவேண்டும். இதெல்லாம் தட்டத்துக்கு வேலைக்காகாது. தட்டத்துக்குத் தேவை மஞ்சள்.

கதலிக்குலைக்குக் குழி ஏற்கெனவே வெட்டியாச்சு. வாழைச்சருகு பரப்பிக் குலைகளை வைத்து, மேலே தடி அடுக்கி மண் மூடி, மூலையில் விட்ட துவாரத்தால் பொச்சுமட்டைப் புகை ஊதுவது எல்லாருக்கும் தெரிந்த வேலை. பெரியப்பா வாய்க்கால் பக்கம் போன நேரம் பார்த்து, ஒரு கடகம் தோடங்காய் குலைகளுக்கு நடுவில் இறங்கியது.

திறந்தபோது மஞ்சள்! தோடம்பழ இனிப்பு மாதிரி செம்மஞ்சள் இல்லை, எலுமிச்சை மஞ்சள், அங்கங்கே பச்சைத் திட்டு. ஆனாலும் தூரத்துக்குத் தங்கம்.

பெரியம்மாவை லேசாக நினைக்கவேண்டாம். கலிபோர்னியாவில் ஒருகாலம் எலுமிச்சையை மஞ்சளாக்க, அறைக்குள் மண்ணெண்ணெய் அடுப்பு எரித்து வந்தார்கள். சூட்டில்தான் நிறம் மாறுகிறது என்று நம்பிக்கொண்டிருந்தார்கள். புகையிலுள்ள எதிலீன் வாயுவின் வேலை அது என்று டெனி என்ற ஆய்வாளர் 1924இல் எழுதினார். பழுக்கிற கதலியும் அதே வாயுவை விடும். இன்று புளோரிடாவில் பத்து இலட்சத்துக்கு 5 பங்கு எதிலீன், 29 பாகைச் சூடு, 90 வீதத்துக்கு மேல் ஈரப்பதன் என்று அளந்து செய்வதை, பெரியம்மா புகை போட்ட ஒரு உடைந்த மண்முட்டியோடு முடித்துவிட்டா.

என்ன, நிறம் மட்டும்தான் மாறும். வாழைக்காய்க்குள் மாச்சத்து இருக்கிறது, பிடுங்கிய பிறகும் அது சீனியாகும். தோடங்காயில் அப்படிச் சேமிப்பு ஒன்றும் இல்லை, கொப்பை விட்டு வந்த அன்று இருந்த இனிப்புத்தான் கடைசிவரை. குழியில் இல்லை, வைக்கோலில் இல்லை, அரிசிப் பானையில் வைத்தாலும் பழுக்காது.

மாமி ஒருத்தர் ஒரு சுளையை வாயில் போட்டுவிட்டு, வீடியோ ஓடுகிறது என்பதால் சிரித்தபடியே விழுங்கினா. கண்ணில் தண்ணி. பெட்டையைப் பார்த்து உருகிவிட்டா என்று வீடியோக்காரன் அதைக் கிட்டவாகவும் எடுத்திருக்கிறான்.

மிச்சப் பழங்கள் அந்தக் கிழமையே காம்படியில் கறுத்து அழுகின. எதிலீன் பட்டால் காம்புக் குமிழ் உதிரும், அந்த வாசலால் பூஞ்சணம் உள்ளே போகும். போதாததுக்குக் கத்தரியால் காம்பு ஒட்ட நறுக்காமல் இழுத்துப் பிடுங்கியதில் பாதிக்குத் தோலே கிழிந்திருந்தது. புளிப்பைக்கூடப் பெரியப்பா பொறுத்துக்கொண்டார், இந்தக் கிழிசலை மட்டும் போற வாற ஆக்களுக்கெல்லாம் காட்டினார்.

இப்ப புதுப் பிரச்சினை. தட்டத்தைப் பார்த்த சம்பந்தி வீட்டாருக்கும் கனடா மச்சானுக்கும் "அந்த மஞ்சள் மரத்தில" கண்டு வேணுமாம். பெரியம்மா எல்லாருக்கும் ஓம் சொல்லிவிட்டா. பென்சில் தடிப்புக்கு வந்த நாற்றுகளாகப் பார்த்து, பட்டையை ஆங்கில ரி (T) வடிவத்தில் கீறி, அந்த மரத்து மொட்டைச் செருகி, பொலித்தீன் சுற்றிக்கொண்டு இருக்கிறார் பெரியப்பா. மூன்று கிழமையில் கட்டை அவிழ்க்கவேண்டும். ஒட்டுக்குக் கீழே துளிர்ப்பதை ஒடித்துக்கொண்டே இருக்காவிட்டால் அடிக்கண்டுதான் மரமாகும்.

"நாலு வருசத்தில காய்க்கேக்கை பச்சையா நிக்கும். அப்ப என்ன சொல்லப் போறாய்?"

"கண்டு குடுக்கேக்கையே குழி வெட்டுற அளவையும் சொல்லிவிடுங்கோ."