ஹெரால்ட் மன்ரோவின் கடை

கவிஞர் ஒருவர் மற்றவர்களின் கவிதைக்காகத் தன் காசைக் கொட்டுவது அபூர்வம். ஆங்கிலக் கவிஞர் ஹெரால்ட் மன்ரோ கொட்டினார். 1913-இல் லண்டன் புளூம்ஸ்பரியில், டெவன்ஷயர் தெருவில், கவிதைக்கென்றே ஒரு புத்தகக் கடை திறந்தார். கீழே விற்பனை, வாரந்தோறும் வாசிப்புக் கூட்டம், மாடியில் கவிஞர்கள் தங்கக் குறைந்த வாடகைக்கு அறைகள். முதல் உலகப் போர்க் கவிஞர் வில்ஃப்ரெட் ஓவன்கூட அங்கே தங்கியிருக்கிறார்.

ஆங்கிலக் கவிஞர் சார்லட் மியூவின் முதல் தொகுப்பை 1916-இல் போட்டதும் மன்ரோதான். எனக்கு அது ஒன்றே போதும்! பின்னாளில் புகழ்பெற்ற எட்வர்ட் தாமஸின் கவிதைகளைத் திருப்பி அனுப்பியது தவறு, சரி. ஆனால் நட்டத்திலும் கடையை மூடவில்லை. 1932-இல் அவர் இறந்த பிறகு மனைவி அலிடா 1935 வரை நடத்தினார்.

மன்ரோவின் சொந்தக் கவிதைகளை இன்று அதிகம் பேசுவதில்லை. பூனைக்குப் பால் வைக்கும் அந்தக் கவிதையை நேற்று இரவு இரண்டு முறை படித்தேன்.