குச்சி யார் கையில்

அமெரிக்காவின் விஸ்கான்சின் மாநிலத்தில் ஒரு மரவாடியில் கொள்முதல் கணக்கு பார்க்கிறேன். இந்தத் தொழிலில் சண்டை வருவது பெரும்பாலும் அளவில்தான். உருட்டுக்கட்டையின் சிறிய முனையில், பட்டையை விட்டுவிட்டு, குறுக்கே ஸ்கேல் குச்சியை வைக்க வேண்டும். கட்டையின் நீளத்துக்குரிய வரிசையில் எத்தனை போர்டு அடி என்று குச்சியிலேயே இருக்கும். ஓரடி நீளம், ஓரடி அகலம், ஓரங்குல கனம்: இதுதான் ஒரு போர்டு அடி. இந்த அளவுக்கு 1846-ல் ஸ்க்ரிப்னர் என்பவர் போட்ட கணக்கு இன்னும் புழக்கத்தில் இருக்கிறது. ஆனால் கட்டைக்குள் சொத்தை இருந்தால் எவ்வளவு கழிப்பது என்பதை அளப்பவர்தான் முடிவு செய்ய வேண்டும். விற்க வந்தவரின் முகம் மாறுவது அங்கேதான்.

அப்படி ஒரு தகராறுக்கு அப்புறம்தான் அந்தக் காலத்து மர வியாபாரி ஐசக் ஸ்டீபன்சனைப் பற்றிப் படிக்க ஆரம்பித்தேன். 1829-ல் கனடாவின் நியூ பிரன்ஸ்விக்கில் பிறந்தவர். 1840-களில் விஸ்கான்சின் வந்தார். காட்டில் வண்டி ஓட்டினார், மேஸ்திரியாக இருந்தார், நிற்கிற மரத்தைப் பார்த்தே மதிப்புப் போடும் வேலையும் செய்தார். 1858-ல் மரினெட்டில் அறுவை மில் ஒன்றில் பங்கு வாங்கி முதலாளியானார். 1866-லும் 1868-லும் மாநிலச் சட்டமன்ற உறுப்பினர்.

மர வியாபாரிக்குச் சட்டமன்றத்தில் என்ன வேலை? ஆறுதான் காரணம். குளிர்காலத்தில் வெட்டிய வெள்ளைப் பைன் மரங்களைப் பனிமேல் இழுத்து வந்து கரையில் அடுக்குவார்கள். பனி உருகி வெள்ளம் வந்ததும் ஆற்றில் தள்ளிவிடுவார்கள். பல கம்பெனிகளின் கட்டைகள் ஒன்றாக மிதந்து வரும். யாருடையது என்று தெரிய, கட்டையின் முனையில் சுத்தியலால் அடித்த முத்திரை இருக்கும். கீழே, சங்கிலியால் பிணைத்த கட்டைகளை ஆற்றின் குறுக்கே போட்டு வேலி கட்டி, அங்கே பிரித்துக் கொடுப்பார்கள். எல்லோருக்கும் பொதுவான ஆற்றை மறிக்கவும், பிரித்துக் கொடுக்கக் கூலி வாங்கவும் சட்டமன்றத்தின் அனுமதி வேண்டும். மெனாமினி ஆற்றில் இந்த வேலையைச் செய்த கம்பெனியை நடத்தியவர்களில் ஸ்டீபன்சனும் ஒருவர்.

இதைச் சுயநலம் என்று ஒரே வார்த்தையில் ஒதுக்க எனக்கு மனம் வரவில்லை. கட்டைகள் சிக்கி ஆறு அடைத்துக்கொண்டால் என்ன ஆகும் என்று கரையில் நின்று பார்த்தவருக்குத்தான் தெரியும். சட்டம் எழுதும் இடத்தில் அப்படி ஒருவர் இருக்கத்தான் வேண்டும். ஆனால் குச்சியைப் பிடிப்பவரே கட்டையை வாங்குபவராகவும் இருந்தால், எதிரே நிற்பவர் எதை நம்புவார்? நான் சம்பளம் வாங்குவது வாங்குகிற பக்கத்தில். அதனால் இந்தக் கேள்வி என்னையும் உறுத்துகிறது.

விஸ்கான்சினிலேயே பெஷ்டிகோ என்ற ஊரிலும் ஸ்டீபன்சனுக்குத் தொழில் இருந்தது. சிகாகோவின் முதல் மேயர் வில்லியம் ஆக்டன் அங்கே கூட்டாளி. மில், மரச்சாமான் ஆலை, மரத்தாலான நடைபாதைகள், தெருவெல்லாம் மரத்தூள். வெட்டிய காட்டில் கிளைகளும் கழிவும் அப்படியே கிடந்தன. 1871 அக்டோபர் 8 இரவு, சிகாகோ எரிந்த அதே இரவு, பெஷ்டிகோவும் எரிந்தது. அந்த வட்டாரத்தில் இறந்தவர்கள் 1,200-க்கும் மேல். பிழைத்தவர்களுக்கு உதவி சேர்க்க ஸ்டீபன்சன் முன்னால் நின்றார். அதை மதிக்கிறேன். ஆனாலும் அந்தக் கழிவை அப்புறப்படுத்தச் சொல்லும் விதி முன்பே இருந்திருந்தால் என்று நினைக்காமல் இருக்க முடியவில்லை. காட்டு வேலையை அடி முதல் நுனிவரை அறிந்த அவர் அதற்குச் சில வருடம் முன்புதான் சட்டமன்றத்தில் இருந்தார்.

பின்னாளில் அவர் அமெரிக்க செனட்டரானார். 1908-ல் கட்சிக்குள் வேட்பாளரைத் தேர்ந்தெடுக்கும் தேர்தலுக்கு மட்டும் 1 லட்சம் டாலருக்கு மேல் செலவழித்தார். விசாரணை நடந்தது. 1912-ல் செனட் அவர் பதவியை விட்டுவைத்தது. அதற்கு முந்தைய வருடமே விஸ்கான்சின் சட்டமன்றம், ஒரு காலத்தில் அவர் உட்கார்ந்திருந்த அதே மன்றம், தேர்தல் செலவுக்கு வரம்பு போட்டுச் சட்டம் இயற்றியிருந்தது.