கமரா உள்ளே போவதற்கு முந்தின இரவு

மூன்று மாதமாக வயிற்று வலி விடவில்லை. கண்டியில் ஒரு டொக்டர், பின்பக்கமாகக் கமராக் குழாய் விட்டுப் பெருங்குடலைப் பார்க்கவேண்டும் என்றார். வலிக்காது என்றும் சொன்னார், அது உண்மைதான். முந்தின இரவைப் பற்றித்தான் மனுஷன் வாயே திறக்கவில்லை.

அன்றைக்குச் சோறு, ரொட்டி கிடையாது, பிளேன்டி மட்டும் குடிக்கலாம். அம்மா, "இதுல என்னடா புதுசு, தோட்டத்துல பாதிப்பேரு அப்படித்தானே காலம் தள்ளுறாங்க" என்றார்.

அப்புறம், குடலைக் கழுவிக் காலியாக்க ஒரு மருந்துத்தூள். 4 லீட்டர் தண்ணீரில் கரைத்து, கால் மணிக்கு ஒரு கிளாஸ். உப்புப் போட்ட சவர்க்காரத் தண்ணி மாதிரி ஒரு ருசி. வருகிற தண்ணீரை உறிஞ்சி எடுப்பதுதான் பெருங்குடலின் பிழைப்பு, இந்தத் தூளோ தண்ணீரை விட்டுக்கொடுக்காமல் கட்டிப்பிடித்தபடியே இறங்கிவிடும். 6 மீற்றர் சிறுகுடல், 1.5 மீற்றர் பெருங்குடல், மற்ற நாட்களில் சாப்பாடு இந்தப் பாதையில் பதுளைக் கோச்சி மாதிரி நின்று நின்று, ஒரு நாளோ இரண்டு நாளோ எடுத்துத்தான் போகும். அன்றைக்கு எங்கேயும் நிற்கவில்லை.

எங்களது 12 காம்பரா லயம், கக்கூஸ் இரண்டுதான், அதுவும் படி இறங்கிப் போகவேண்டும். மழை, குடை, டோர்ச். ஐந்தாவது தடவை வெளியே வந்தபோது அடுத்த காம்பரா மாமா வாளியோடு நிற்கிறார், "என்னா தம்பி, குடியிருக்கவே வந்துட்டியா?" நான் என்ன செய்ய, ஒவ்வொரு கிளாஸும் வயிற்றை விரிக்க, விரிந்த வயிறு 'மேலே லோடு வருது, கீழே காலி பண்ணு' என்று பெருங்குடலுக்குத் தகவல் அனுப்பிவிடுகிறது. காலையில் பிளேன்டி குடித்த கையோடு லயமே வாளி தூக்கிக்கொண்டு வரிசையில் நிற்பதும் இதனால்தான். எட்டாவது தடவைக்குப் பிறகு காம்பராவுக்குத் திரும்பவில்லை, படியிலேயே குடையோடு உட்கார்ந்துவிட்டேன்.

விடியற்காலையில் ஒரு வேனைப் பிடித்துக் கண்டிக்குப் போய்ச் சேர்ந்தோம். நர்ஸ் கேட்ட முதல் கேள்வி, "கடைசியா எப்படிப் போச்சு, தெளிஞ்ச பிளேன்டி கலர்லயா?" ஆமாம் மிஸ். கமரா போனது பாதி மயக்கத்தில், ரோஸ் நிறத்தில் மினுமினுவென்று ஒரு சுரங்கம் திரையில் தெரிந்தது ஞாபகம். பயப்பட ஒன்றுமில்லையாம்.

உள்ளே பார்ப்பதற்காகக் குடலுக்குள் காற்றடித்து விரிப்பார்களாம், "அது வெளியே போகணும், வெக்கப்படாதீங்க" என்று நர்ஸ் சொல்லித்தான் அனுப்பினார். நானும் வெட்கப்படவில்லை. கினிகத்தேனை வளைவுகளில் டிரைவர் அண்ணன் ஒன்றும் பேசாமல், அந்தக் குளிரிலும் கண்ணாடியை இறக்கிவிட்டார்.