பேய் வேஷம் போட்டால் என்ன கெட்டுவிடும்?

இங்கே தென்னாப்பிரிக்காவில், டர்பனில் நடிக்க ஆசைப்படும் பிள்ளைகளிடம் யாரைப் பிடிக்கும் என்று கேட்டால் ஹாலிவுட் நடிகை சார்லிஸ் தெரன் பேர்தான் முதலில் வரும். பெனோனியில் பிறந்து ஆஸ்கார் வரை போனவர், வராமல் என்ன. ஆனால் இந்த நாட்டிலிருந்து போனவர்களில் எனக்கு ஆலிஸ் க்ரீகேதான். பேர் சொன்னால் பாதிப் பேர் முழிப்பார்கள், ஸ்டார் ட்ரெக் விண்வெளிக் கதையில் பாதி மனுஷி, பாதி இயந்திரமாக வரும் வில்லி போர்க் ராணி என்றால் உடனே "அட, அவங்க நம்ம நாடா?" என்பார்கள்.

நம்ம நாடேதான். 1954இல் கலஹாரி ஓரத்து அப்பிங்டனில் பிறந்தவர். இங்கே டிவி வந்ததே 1976இல். ரோட்ஸ் பல்கலைக்கழகத்தில் உளவியல் படிக்கப் போய், நாடகத்தில் மாட்டிக்கொண்டு, அப்புறம் லண்டனில் முறையாகப் பயிற்சி எடுத்தார். (நிறவெறி ஆட்சிக் காலம், ரோட்ஸ் வாசல் அப்போது நம்மவர்களுக்குத் திறந்திருக்கவில்லை, இந்தியர்களுக்கென்று டர்பன்-வெஸ்ட்வில்லில் தனியாக ஒன்று வைத்திருந்தார்கள். அது தனிப் பதிவாக எழுத வேண்டிய சமாச்சாரம்.)

1981இல் அவர் நடித்து வந்த இரண்டு படங்களைப் பாருங்கள். ஒன்று 'சேரியட்ஸ் ஆஃப் ஃபயர்', அந்த வருஷத்துச் சிறந்த படம் என்று ஆஸ்கார் வாங்கியது. இன்னொன்று 'கோஸ்ட் ஸ்டோரி', அதில் பழிவாங்க வரும் பேய் இவர்தான். அடுத்து ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனி மேடை. இப்படி ஆரம்பித்தவர் கௌரவமான பக்கமே ஒதுங்கியிருக்கலாம். ஒதுங்கவில்லை. 1992இல் 'ஸ்லீப்வாக்கர்ஸ்' என்ற படத்தில் மனிதர்களின் உயிரை உறிஞ்சும் ஜந்துவாக வந்து, ஒரு போலீஸ்காரரை மக்காச்சோளக் கதிரால் முதுகில் குத்திக் கொல்கிறார். அபத்தம்தான். ஆனால் அந்த முகத்தில் கிண்டல் துளிகூட இல்லை, ஷேக்ஸ்பியருக்குக் கொடுத்த அதே சிரத்தை.

1996இல் 'ஸ்டார் ட்ரெக்: ஃபர்ஸ்ட் கான்டாக்ட்' படத்தில் வந்த போர்க் ராணியின் முதல் காட்சியைப் பார்த்தவர்கள் மறக்க மாட்டார்கள். தலையும் தோளும் மட்டும் மேலிருந்து தொங்கியபடி இறங்கி உடம்பில் பொருந்தும். மேக்கப் போடவே மணிக்கணக்கு, முதலில் தைத்த உடை தோலைக் கொப்பளிக்க வைத்தது, கண்ணில் வைத்த வெள்ளி லென்ஸைச் சில நிமிஷத்துக்கு மேல் தாங்க முடியாது. இவ்வளவுக்கும் நடுவில், ஒரு இயந்திரத்தை மயக்கப் பார்க்கும் பெண்ணாக அவர் பேசும் குரல் இருக்கிறதே! அந்த வேஷத்துக்கு, அறிவியல் கற்பனை, பேய்ப் படங்களுக்கென்று கொடுக்கும் சாட்டர்ன் விருது கிடைத்தது. 2001இல் ஸ்டார் ட்ரெக் 'வாயேஜர்' டிவி தொடரின் கடைசிக் கதைக்கு மறுபடி அவரையே கூப்பிட்டார்கள்.

இதெல்லாம் எதற்கு எழுதுகிறேன் என்றால், டர்பன் பக்கம் சாட்ஸ்வர்த்தில் என் சித்தப்பா பேத்தி ஒருத்தி நாடகம் படிக்கிறாள். ஒரு குறும்படத்தில் பேயாக நடிக்கக் கூப்பிட்டார்களாம், "அப்புறம் அதே வேஷம்தான் தருவாங்க மாமா" என்று யோசிக்கிறாள். அவள் ஆயா வேறு, "கல்யாணமாகாத பிள்ளைக்குப் பேய் வேஷமா?" என்று ஒரே பிடி. பிள்ளையின் பயத்தில் நியாயம் இல்லாமல் இல்லை. ஆனால் கணக்கைப் பார்த்தால் வேறு மாதிரி இருக்கிறது. குடும்பப் படங்களில் நாற்பது தாண்டிய நடிகைக்கு அம்மா வேஷம், அதற்கப்புறம் ஆஸ்பத்திரிக் கட்டில். க்ரீகே அறுபத்தைந்தை ஒட்டி, 2020இல் வந்த 'கிரெட்டல் அண்ட் ஹான்சல்' படத்தில் சூனியக்காரி. அடுத்த வருஷமே 'ஷி வில்' படத்தில் கதாநாயகி: மார்பக அறுவை சிகிச்சை முடிந்து ஸ்காட்லாந்துக் காட்டுக்கு ஓய்வுக்குப் போகும் பழைய நட்சத்திரம், சூனியக்காரிகளை எரித்த சாம்பல் கலந்த மண் அவளுக்குப் பலம் தருகிறது. சுவிட்சர்லாந்தில் நடக்கும் லொகார்னோ திரைப்பட விழாவில், இயக்குநர்களின் முதல் படங்களுக்கான பரிசு வாங்கிய படம். அந்த வயதில் அப்படி ஒரு பாத்திரத்தை அழுகைப் படம் எடுப்பவர்கள் யார் கொடுத்தார்கள்?

பார்க்க நினைப்பவர்கள் 'ஷி வில்'லில் தொடங்குங்கள், கொஞ்சம் மெதுவாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள். அப்புறம் போர்க் ராணி. 'ஸ்லீப்வாக்கர்ஸ்' கடைசியில் போதும், அதுவும் பூனை பிடித்தவர்களுக்கு மட்டும். அந்தப் படத்தில் நியாயத்தின் பக்கம் நிற்பது பூனைகள்தான்.