உறையூர் நாடகமும் எங்கள் பண்டிதரும்

நம் கல்லூரிப் பரிசளிப்பு விழாக்களில் எத்தனையோ நாடகங்களைப் பார்த்திருக்கிறேன். 1976இல் நாங்கள் நடித்த உறையூர் நாடகத்துக்கு இணையாக ஒன்றும் என் மனத்தில் தங்கவில்லை. எழுதியவரும் பழக்கியவரும் எங்கள் தமிழாசிரியர். கல்லூரி முழுவதற்கும் அவர் ‘பண்டிதர்’.

உறையூரில் சோழ மன்னன் நெடுங்கிள்ளி இருக்கிறான். அவனுக்கும் இன்னொரு சோழனான நலங்கிள்ளிக்கும் பகை. இரவில் தோணியேறிக் காவிரித் துறைகளைச் சுற்றிவரும் காவலன் ஒருவன், துடுப்பு வலிக்கும் அவன் மகன். இந்த இருவரும் பண்டிதரின் கற்பனை. மகன் வேடம் எனக்குக் கிடைத்தது.

யாழ்ப்பாணக் குடாநாட்டில் ஆண்டு முழுவதும் ஓடும் ஆறு ஏது? வழுக்கையாற்றிலும் மாரியில்தான் வெள்ளம். ஆற்றின் இழுப்பை அறியாத எங்களுக்கு, துடுப்பின் மறுமுனையை இன்னொரு மாணவனைப் பிடித்து இழுக்கவைத்துப் பழக்கினார். கவிழ்த்த வாங்கு (பெஞ்சு) தோணியானது. நீலச் சேலைகள் காவிரியாயின.

முதற்பாதியில் துறவிக் கோலத்தில் மூவர் தோணித்துறைக்கு வருவார்கள். ஒற்றர் துறவி வேடத்தில் திரிவதைக் குறளின் 59ஆம் அதிகாரமே சொல்கிறது. ஒருவரையொருவர் அறியாத மூன்று ஒற்றர்களின் சொல் ஒத்துவந்தால் மட்டும் அரசன் நம்பலாம் என்பதும் அங்கே உண்டு. அரசனுக்குச் சொன்ன அந்த முறையைப் பண்டிதர் ஆற்றுக் காவலனின் கையில் கொடுத்துவிட்டார். தகப்பன் மூவரையும் பிரித்து நிறுத்தி ஒரே கேள்வியைக் கேட்பான். மூன்று பதில்கள் வரும். ஒற்றர் பிடிபடுவார்கள். மண்டபம் கைதட்டலில் அதிரும்.

எனக்கு உயிரானது பிற்பாதி. அந்த வெற்றியின் செருக்கில் மகன் இன்னொருவனையும் பிடித்து வருவான். நலங்கிள்ளியிடமிருந்து வந்த இளந்தத்தன் என்னும் புலவன் அவன். தகப்பன் மகனை நிமிர்ந்து பார்த்து, “கண்டதைச் சொல் தம்பி, நினைத்ததைச் சொல்லாதே” என்பான். அதற்குள் செய்தி அரண்மனைக்கு எட்டிவிடும். ஒற்றன் என்று நெடுங்கிள்ளி கொல்லத் துணிவான். புறநானூற்றின் 47ஆம் பாட்டுப் பிறந்த இடம் இதுதான். புலவர் கோவூர்கிழார் வந்து, பரிசில் பெற்று, சுற்றத்தாரை உண்பித்து, சேர்த்துவைக்காமல் வாழும் புலவர் வாழ்க்கை “பிறர்க்குத் தீதறிந் தன்றோ” (பிறருக்குத் தீங்கு செய்ய அறியுமோ) என்று பாடி இளந்தத்தனை மீட்பார். அன்று கோவூர்கிழாராக மேடையேறியவர் பண்டிதர். ஒத்திகை எதிலும் அந்தப் பாட்டை அவர் பாடிக் காட்டியதில்லை. மண்டியிட்டிருந்த இளந்தத்தனுக்கு உண்மையாகவே கண்ணீர் வந்துவிட்டது.

பிற்காலத்தில், போர்க்காலத்தில், ஊரில் இராணுவச் சுற்றிவளைப்புகள் வந்தன. வெயிலில் வரிசையாக நின்றோம். ஆட்களைக் காட்டிக்கொடுக்கும், முகத்தை மூடிய தலையாட்டி ஒருவன் எங்களைக் கடந்து போனான். அவன் தலையசைத்தால் போதும். கேட்பதற்கு ஒரு தகப்பனும் இல்லை, பாடுவதற்கு ஒரு கோவூர்கிழாரும் இல்லை. என் பக்கத்தில் நின்ற பொடியனை ஏற்றிக்கொண்டு போனார்கள். அவன் என்ன செய்தான் என்று யாரும் கேட்கவில்லை. பண்டிதர் பதினான்கு வயதுப் பிள்ளைகளுக்கு எவ்வளவு பெரிய காரியத்தைப் பழக்கியிருந்தார் என்பதை அன்றுதான் முழுதாக உணர்ந்தேன்.

நாடகப் பிரதி இடப்பெயர்வில் போய்விட்டது. ஆனால் என் வசனங்களும் தகப்பனின் வசனங்களும் எனக்கு இன்னும் பாடம். மற்றப் பாத்திரங்களில் நடித்தவர்கள் தங்கள் பகுதியை எழுதிப் பழைய மாணவர் சங்கச் செயலாளருக்கு அனுப்புங்கள். அடுத்த ஒன்றுகூடலில் நம் பிள்ளைகளைக் கொண்டு இதை மேடையேற்றுவோம். துடுப்பு வலிக்க நான் பழக்குகிறேன்.